மூன்று தரம் சொன்ன பிறகும்

ஏல நோட்டீசில் பதினைந்து இருபது நிபந்தனைகள் அச்சடித்திருக்கும். ஏலம் கேட்க வருகிறவர்கள் பெரும்பாலும் இரண்டைத்தான் படிப்பார்கள்: டேவணி, அதாவது முன்வைப்புத் தொகை, எவ்வளவு; மீதிப் பணத்தை எப்போது கட்ட வேண்டும். நான் கடைசிப் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்குவேன். உயர்ந்தபட்ச ஏலத்தொகை உரிய அலுவலரின் அங்கீகாரத்துக்கு உட்பட்டது, காரணம் எதுவும் கூறாமல் ஏலத்தை ஒத்திவைக்கவோ ரத்து செய்யவோ அலுவலருக்கு முழு அதிகாரம் உண்டு என்று அங்கேதான் போட்டிருப்பார்கள். ஏலதாரர் கையெழுத்துப் போடும் இடத்துக்குச் சற்று மேலே. சிவகங்கைப் பக்கத்துக் கோர்ட்டுகளில் நான் வக்கீல் தொழில் பார்த்த காலம் முழுக்க, என்னிடம் வந்த ஏலத் தகராறுகளில் பெரும்பாலானவை அந்த இரண்டு வரியில் முளைத்தவைதான்.

எங்கள் பக்கத்தில் ஏலத்துக்கு வராத பொருள் குறைவு. கண்மாய் மீன்பாசி, சாலையோரப் புளியமர மகசூல், கண்மாய்க்குள் வளர்ந்த கருவேல மரம், வாரச் சந்தை வசூல், பேருந்து நிலையக் கடை, கோயில் நிலக் குத்தகை, சன்னிதித் தெரு தேங்காய்க் கடை, முடிக் காணிக்கை என்று வருடம் முழுக்க எங்காவது ஒன்று நடந்துகொண்டே இருக்கும். இவை எல்லாவற்றுக்கும் பொதுவான சங்கதி ஒன்று உண்டு. மைக் பிடித்து ஏலம் விடுகிறவர் ஒருவர். அந்த ஏலம் செல்லுமா என்று முடிவு செய்கிறவர் வேறொருவர். அவர் ஏல இடத்தில் இருக்கமாட்டார். கோப்பு அவரிடம் போக வேண்டும்.

ஒரு புளியமர ஏலத்தைச் சொல்கிறேன். மாசி பிறந்த நேரம், காய் பழுத்துக்கொண்டிருந்தது. ஏலம் கேட்கிற வியாபாரிகள் முதல் நாளே மொபெட்டில் ரோடு நெடுகப் போய், ஒவ்வொரு மரத்தடியிலும் வண்டியை நிறுத்தி, அண்ணாந்து பார்த்து, ஒரு காயை உடைத்து வாயில் போட்டுப் பார்த்துவிட்டு வந்திருந்தார்கள். எந்த மரம் இந்த வருடம் ஏமாற்றும், எந்த மரத்தில் சதை கூடுதல் என்று அவர்களுக்குத் தெரியும். ஏலம் விடும் அலுவலகத்துக்கு மரத்தின் எண் மட்டும் தெரியும். என் கட்சிக்காரர் உச்சத் தொகைக்குக் கேட்டார். மூன்று தரம் சொல்லி, மைக்கில் அவர் பெயரை அறிவித்து, ஏலப் பட்டியலில் கையெழுத்து வாங்கி, அன்றே பாதிப் பணத்தையும் கட்டச் சொல்லி வாங்கிக்கொண்டார்கள். இரண்டு வாரம் கழித்து அதே மரங்களுக்கு மறு ஏல நோட்டீஸ் ஒட்டப்பட்டது.

ஆபீசுக்கு வந்து உட்கார்ந்ததும் அவர் கேட்டது இதுதான்: “மூணு தரம் சொல்லியாச்சு, மைக்குல எம்பேரச் சொன்னாங்க, கையெழுத்தும் வாங்கிட்டாங்க. அப்புறம் எப்படி சார் மரம் ஒன்னுது இல்லம்பாங்க?”

“உத்தரவுன்னு ஏதாச்சும் குடுத்தாங்களாண்ணே?”

“பணம் கட்டுன ரசீது இருக்கு.”

“அது பணத்துக்குத்தான் ரசீது. மரத்துக்கு இல்ல.”

அவருக்குக் கோபம் வந்தது. நியாயமான கோபம்தான். ஆனால் சட்டம் அவர் நினைத்த இடத்தில் இல்லை. 1930-ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டம், 64-ஆவது பிரிவு, சுத்தியல் விழுந்தாலோ வழக்கமான வேறு முறையில் ஏலம் முடிந்ததென்று அறிவித்தாலோ விற்பனை முடிந்தது என்கிறது. மூன்று தரம் என்பது நம் ஊர்ச் சுத்தியல். அது விழும்வரை கேட்டவர் தன் கேள்வியைத் திரும்பப் பெறலாம் என்றும் அதே பிரிவு சொல்கிறது. ஆனால் மேலதிகாரியின் அங்கீகாரம் தேவை என்ற நிபந்தனையோடு நடக்கும் ஏலத்தில், மைக்கில் கேட்ட மூன்றாவது தரம் ஒப்பந்தத்தை முடிப்பதில்லை. உயர்ந்தபட்ச ஏலத்தொகை என்பது அரசின் முன் வைக்கப்பட்ட ஒரு கேட்பு. அங்கீகாரம் வந்து அது கேட்டவருக்குத் தெரிவிக்கப்பட்டால்தான் ஏற்பு.

உச்ச நீதிமன்றம் இதை ஒரு மூங்கில் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பீகாரில் 1970-இல் ஒரு மூங்கில் கூப்பு ஏலம் போனது. குறைந்தபட்ச விலை 95,000 ரூபாய். ஹரித்வார் சிங் என்பவர் கேட்ட 92,001 ரூபாய்தான் அன்றைய உச்சம். பிறகு குறைந்தபட்ச விலைக்கே எடுத்துக்கொள்கிறேன் என்று எழுதிக் கொடுத்தார். அமைச்சர் ஒப்புக்கொண்டார், அந்தச் செய்தி துறைக்குள்ளேயே தந்தியாகவும் போனது. ஏலம் கேட்டவருக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை. அதற்குள் இன்னொருவர் 1,01,125 ரூபாய் தருகிறேன் என்று வந்துவிட, மூங்கில் அவருக்குப் போயிற்று. 1972-இல் வந்த தீர்ப்பில், ஏற்பு கேட்டவருக்குத் தெரிவிக்கப்படாததால் ஹரித்வார் சிங்குக்கு ஒப்பந்தம் எதுவும் உருவாகவில்லை என்று முடிவானது. அரசாங்கத்தின் கோப்புக்குள் நடப்பது எதுவும், வெளியே வந்து நம் கைக்குச் சேரும்வரை நமக்கு உரிமை தராது. 1996-இல் லட்சுமிகாந்த் வழக்கு, 2013-இல் உத்தரப் பிரதேச வீட்டுவசதி வாரிய வழக்கு, 2017-இல் ஹரியானா நகர வளர்ச்சி ஆணைய வழக்கு என்று பின்னால் வந்தவையும் இதே தடத்தில்தான் போயின.

இதை மட்டும் படித்துவிட்டுச் சில அலுவலர்கள், ஏலம் கேட்டவருக்கு எந்த உரிமையும் கிடையாது என்று பேசுவார்கள். அரசு வழக்கறிஞர்களும் கோர்ட்டில் அப்படித்தான் ஆரம்பிப்பார்கள். அது பாதி உண்மை. பொருளின் மேல் உரிமை இல்லை. நியாயமாக நடத்தப்படும் உரிமை உண்டு. 2009-இல் மீரட் வளர்ச்சி ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதன் சாரம் அதுதான். அரசு என்பது தன் மாட்டை விற்கிற விவசாயி அல்ல. பிடித்தால் கொடுக்கலாம், பிடிக்காவிட்டால் வேண்டாம் என்று இருந்துவிட அரசியல் சட்டத்தின் 14-ஆவது பிரிவு விடாது. ‘காரணம் கூறாமல்’ என்று நோட்டீசில் போட்டுவிட்டால் காரணமே இல்லாமல் ரத்து செய்யலாம் என்று பொருளாகாது. நமக்குச் சொல்ல வேண்டியதில்லை என்றாலும் கோப்பில் காரணம் இருந்தாக வேண்டும். கோர்ட் கேட்கும்போது காட்ட வேண்டும்.

புளியமரக்காரரின் கோப்பில் இருந்தது ஒரே ஒரு கடிதம். ஏலத்துக்கே வராத ஒருவர், கூடுதலாகத் தருகிறேன் என்று எழுதியிருந்தார். ஏலத்தொகை குறைவு என்றோ, கூட்டுச் சேர்ந்து கேட்டார்கள் என்றோ ஒரு வரிகூடக் குறிப்பு இல்லை. தகவல் உரிமைச் சட்டத்தில் நகல் கேட்டால் முப்பது நாள் ஆகும். புளி அதுவரை மரத்தில் நிற்காது. எனவே நேரே மதுரைக் கிளையில் ரிட் போட்டோம். 2004 ஜூலையில் மதுரைக் கிளை வருவதற்கு முன்பு இதே வேலைக்கு ராத்திரி ரயிலேறிச் சென்னை போக வேண்டியிருந்தது. மரமேறிகளுக்கு முன்பணம் கொடுத்துவிட்டு நிற்கும் வியாபாரிக்கு அந்தச் செலவே ஒரு தண்டனை.

எனக்கு இந்த வாதத்தில் கைகொடுத்தது 1985-இன் ராம் அண்ட் ஷியாம் கம்பெனி வழக்கு. ஏல வழக்கு நடத்துகிறவர்கள் எல்லோரும் படிக்க வேண்டிய கதை அது. ஹரியானாவில் ஒரு குவாரி ஏலம். உயர்ந்தபட்ச ஏலத்தொகை போதாதென்று அரசு ஏற்கவில்லை. அதில் தவறில்லை. ஆனால் இன்னொருவர் முதலமைச்சருக்குத் தனியாகக் கடிதம் எழுதி, ஆண்டுக்கு நாலரை லட்சம் தருகிறேன் என்றார். குவாரியை அவருக்கே கொடுத்துவிட்டார்கள். முதலில் கேட்டவரைக் கூப்பிட்டு, நீ கூட்டுகிறாயா என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. வழக்கு உச்ச நீதிமன்றம் போனபோது நீதிபதிகள் இருதரப்பையும் அங்கேயே கேட்கச் சொன்னார்கள். நாலரை லட்சம் என்று ரகசியமாகப் பேசி முடித்த குவாரி, திறந்த கோர்ட்டில் 25 லட்சத்தில் போய் நின்றது. பின்வாசல் கடிதத்தால் நஷ்டப்பட்டது ஏலதாரர் மட்டுமல்ல, கஜானாவும்தான் என்பதை இதைவிடச் சுருக்கமாக யாராலும் நிரூபிக்க முடியாது.

மறு ஏலத்துக்குத் தடை கிடைத்தது. என் கட்சிக்காரரை அழைத்துக் கேட்டு முடிவு செய்யும்படி உத்தரவாயிற்று. கடிதக்காரர் சொன்ன தொகைக்கு இவரும் ஒப்புக்கொண்டார், மரம் இவருக்கே வந்தது. ஆனால் அதற்குள் பங்குனி முடியப் போனது. உதிர்ந்தது பாதி, ரோட்டில் போகிறவர்கள் உலுக்கியது மீதி. அந்த நஷ்டத்தை யாரிடம் கேட்பது? அங்கீகாரம் வருவதற்கு முன்பு ஒப்பந்தமே இல்லை என்றால், ஒப்பந்த மீறல் என்று நஷ்ட ஈடு கேட்கவும் வழியில்லை. பணத்தைத் திரும்பக் கேட்கலாம். போன பருவத்தைக் கேட்க முடியாது.

கண்மாய் மீன்பாசியில் இந்தக் கஷ்டம் இன்னும் கூடுதல். ஐப்பசி, கார்த்திகை மழையில் தண்ணீர் பெருகி, குஞ்சு விட்டு, சித்திரைக்குள் பிடித்தாக வேண்டும். அங்கீகாரக் கோப்பு தை வரை மேசையில் இருந்தால், கண்மாயில் குஞ்சு விடுவதா வேண்டாமா என்று குத்தகைக்காரருக்குத் தெரியாது. விட்டால் அத்துமீறல் என்பார்கள், விடாவிட்டால் பருவம் போய்விடும். இதில் சட்டச் சிக்கல் ஒன்றும் உண்டு, தொழில் ஆர்வத்தில் சொல்கிறேன். அறுத்தெடுப்பதாகப் பேசிய புளி சட்டப்படி சரக்கு. தண்ணீரில் நீந்துகிற மீனைப் பிடிக்கிற உரிமை சரக்கு அல்ல, அசையாச் சொத்தில் ஒரு பாத்தியதை. ஒரிசாவின் சிலிகா ஏரி மீன்பிடிப்பு பற்றி 1955-இல் ஆனந்த பெஹரா வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. வாய்ப்பேச்சாக வாங்கிய மீன்பிடி உரிமை அங்கே நிற்கவில்லை. ஆகவே மூன்று தரத்தையும் ரசீதையும் நம்பி வலை இறக்குகிறவர்களுக்கு மரக்காரர்களைவிடக் கால் வழுக்கும்.

இனி எதிர்ப்பக்கம். அரசு ஏற்கும்வரை ஒப்பந்தம் இல்லை என்றால், கேட்டவரும் அதுவரை கட்டுப்பட்டவர் அல்ல. இதைச் சொன்னால் பல ஏலதாரர்களுக்கு ஆச்சரியம். சென்னை உயர் நீதிமன்றம் 1947-இலேயே சோமசுந்தரம் பிள்ளை வழக்கில், தற்காலிக ஏற்பு ஒப்பந்தமாகாது, உறுதி செய்யப்படும் முன் கேட்டவர் விலகலாம் என்று சொல்லிவிட்டது. சில ஆண்டுகளில் அதே நீதிமன்றம் ராஜாநகரம் கூட்டுறவுச் சங்க வழக்கில் வேறு கோணத்தில் பார்த்தது. நிபந்தனையோடு கூடிய ஏற்பும் கேட்டவரைக் கட்டிப்போடும், அங்கீகாரம் வந்தால் அவர் தப்ப முடியாது என்றது. உச்ச நீதிமன்றம் 1969-இல் பீம் சேன் வலாய்தி ராம் வழக்கில் சோமசுந்தரம் பிள்ளையின் பக்கம் நின்றது. டெல்லியில் ஒரு சாராயக் கடையை 1949-இல் 4,01,000 ரூபாய்க்குக் கேட்டவர் பணம் கட்டவில்லை. மறு ஏலத்தில் கடை 2,20,000-க்குத்தான் போயிற்று. வித்தியாசத்தை அவர் தலையில் கட்டப் பார்த்தார்கள். தலைமை ஆணையர் உறுதி செய்யவே இல்லை, ஆகவே ஒப்பந்தமும் இல்லை, வித்தியாசமும் இல்லை என்று தீர்ப்பானது. மத்தியப் பிரதேச வன ஏலம் ஒன்றில் கே.பி. சௌத்ரி என்பவரும் இதுபோலத் தப்பினார். அரசியல் சட்டத்தின் 299-ஆவது பிரிவு கேட்கிறபடி ஆளுநர் பெயரால் எழுத்து ஒப்பந்தம் இல்லாததால், மறு ஏல நஷ்டத்தை அவரிடம் வசூலிக்க முடியவில்லை.

இதைக் கேட்டதும் சிலர் உற்சாகமாகிவிடுவார்கள். விலகலாம், ஆனால் டேவணி? அங்கேதான் கத்தி. நெடுஞ்சாலை ஆணையம் சம்பந்தப்பட்ட கங்கா எண்டர்பிரைசஸ் வழக்கில் 2003-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது: கேட்பைத் திரும்பப் பெறும் உரிமை வேறு, பெற்றால் வைப்புத்தொகை பறிபோகும் என்று ஒப்புக்கொண்டது வேறு. கேட்பைத் திரும்பப் பெறக் கூடாது என்று குறித்த கெடுவுக்குள் விலகினால் நிபந்தனைப்படி பணம் போகும். அதற்கும் ஓர் எல்லை உண்டு. 2015-இன் கைலாஷ்நாத் வழக்கில், டெல்லி வளர்ச்சி ஆணையம் 1982-இல் 3.12 கோடிக்கு ஏலம் விட்ட மனைக்கு வாங்கிய 78 லட்சத்தைப் பறிமுதல் செய்திருந்தது. ஒப்பந்தம் ஏற்பட்ட பிறகு நடந்த பறிமுதல் அது. தவறு ஏலதாரர் மேல் இல்லை. ஆணையத்துக்கு நஷ்டமும் இல்லை, அதே மனையை 1994-இல் 11.78 கோடிக்கு விற்றிருந்தது. 78 லட்சத்தையும் வட்டியோடு திருப்பிக் கொடுக்க வேண்டியதாயிற்று. ஒப்பந்தம் ஏற்படும் முன்பே, ஏல நிபந்தனையின் கீழ் பறிமுதலானால் இந்தப் பாதுகாப்பு பொருந்தாது என்றும் அதே தீர்ப்பில் ஒரு வரி இருக்கிறது. வக்கீல்கள் அதைச் சத்தமில்லாமல் தாண்டிப் போவார்கள்.

வங்கி ஏலத்தில் இன்னும் கறார். 25 சதவீதத்தை அன்றோ அடுத்த வேலை நாளிலோ கட்ட வேண்டும். விற்பனை உறுதியான பதினைந்தாம் நாளுக்குள் மீதி, எழுத்தில் கெடு வாங்கினாலும் மொத்தம் மூன்று மாதத்துக்கு மேல் போகக் கூடாது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், கடன் கிடைக்காமல் மீதியைக் கட்டத் தவறியவரின் மூன்று கோடிக்கும் மேற்பட்ட முன்பணத்தை வங்கி எடுத்துக்கொண்டது சரி என்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வீட்டுக் கடன் வாங்கி ஏலச் சொத்து எடுக்கலாம் என்று வருகிறவர்களிடம் நான் முதலில் இதைத்தான் சொல்வேன். கோயில் நிலத்துக்குப் போகிறவர்களிடம் இன்னொன்று: அறநிலையச் சட்டத்தின் 34-ஆவது பிரிவின்படி ஐந்து ஆண்டுக்கு மேற்பட்ட குத்தகைக்கு ஆணையரின் அனுமதி இல்லையென்றால், அந்தக் காகிதம் செல்லவே செல்லாது.

எனக்கு மரியாதை இருப்பது கோர்ட் ஏலத்தின் மேல்தான். அதிலும் உறுதி செய்தல் உண்டு. ஆனால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21-ஆவது கட்டளை எல்லாவற்றுக்கும் நாள் குறித்திருக்கிறது. அங்கேயே 25 சதவீதம், பதினைந்தாம் நாள் கோர்ட் மூடும் முன் முழுப் பணம். சொத்துக்காரர் அறுபது நாளுக்குள் கடன் தொகையையும், வாங்கியவருக்காக ஏலத்தொகையில் ஐந்து சதவீதத்தையும் கட்டி ஏலத்தை நீக்கலாம். மோசடி, பெரிய முறைகேடு என்றால் நிரூபிக்க வேண்டும். கடனாளிக்கு அந்தச் சொத்தில் பாத்தியதையே இல்லையென்றால் வாங்கியவரும் மனு போடலாம். மனு எதுவும் வராவிட்டால், வந்தது தள்ளுபடியானால், விற்பனையை உறுதி செய்தே ஆக வேண்டும். நீதிபதிக்குப் பிடிக்கவில்லை என்பது காரணமாகாது. உறுதியான பின், ஏலம் நடந்த தேதியிலிருந்தே சொத்து வாங்கியவருடையது.

அங்கீகார அதிகாரமே கூடாது என்று நான் சொல்லவில்லை. ஏல நாளன்று டீக்கடையில் உட்கார்ந்து யார் எவ்வளவு கேட்பது, ஒதுங்குகிறவருக்கு எவ்வளவு என்று பேசி முடிப்பதை நானும் பார்த்திருக்கிறேன். அப்படிப்பட்ட ஏலத்தை மேலதிகாரி ரத்து செய்யத்தான் வேண்டும். விலை நியாயமானதா என்று பார்ப்பது உறுதி செய்கிறவரின் கடமை என்று 1969-இன் நவல்கா வழக்கே சொல்கிறது. ஆனால் ஒழுங்காக நடந்த ஏலத்தை, நாளைக்கு யாராவது கூட்டித் தருவார்கள் என்ற ஆசையில் கலைக்கக் கூடாது. 2008-இல் வால்ஜி கிம்ஜி வழக்கு உறுதி செய்த ஏலத்துக்கு இதைச் சொன்னது. 2023-இல் ஈவா அக்ரோ ஃபீட்ஸ் வழக்கு, 10 கோடி குறைந்தபட்ச விலைக்குக் கேட்ட ஒரே ஏலதாரரின் ஏலத்தை ரத்து செய்த லிக்விடேட்டருக்கும், அதாவது கலைக்கப்படும் கம்பெனியின் சொத்தை விற்கிறவருக்கும், இதையே சொன்னது.

அரசிடம் கேட்பது பெரிய சட்டத் திருத்தம் அல்ல. பருவத்தோடு போகிற புளி, மீன், தேங்காய் மகசூல் ஏலங்களுக்காவது, இத்தனை நாளுக்குள் ஏற்பு அல்லது காரணத்தோடு மறுப்பு, தவறினால் வட்டியோடு பணம் திரும்ப என்று ஏல நிபந்தனையில் ஒரு வரி சேர்க்கலாம். அமீனா தமுக்கடித்து விற்கிற கோர்ட் ஏலத்துக்கு நாள் குறிக்க முடிகிறபோது ஒன்றிய அலுவலகத்துக்கு முடியாதா?

அந்த வரி வரும்வரை ஏலம் கேட்கிறவர்கள் தங்களைத் தாங்களே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். நிபந்தனைத் தாளின் நகலை வாங்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். டேவணியும் மீதிப் பணமும் டி.டி.யாகவே போகட்டும். ஏலம் முடிந்த மறுநாளே, என் ஏலத்தொகையை உறுதி செய்து உத்தரவு தாருங்கள், இன்ன தேதிக்கு மேல் மகசூல் நிற்காது என்று பதிவு வசதியோடு ஸ்பீட் போஸ்டில் ஒரு கடிதம் அனுப்பிவிடுங்கள். பின்னால் ரிட் போட நேர்ந்தால் வக்கீல் முதலில் கேட்பது அந்தக் கடிதத்தைத்தான். ஆளுக்கு முன்பணம் கொடுப்பதும் வலை வாங்குவதும் குஞ்சு விடுவதும் உத்தரவு கைக்கு வந்த பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.